கேட்டுக்கொண்டிருந்த ஹாரி

(திரைப்பட ஆர்வலர் கூட்டமொன்றில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



எண்பதுகளில் தூர்தர்ஷன் பார்த்தவர்கள் இங்கே சிலராவது இருப்பீர்கள். 'தி ஓல்ட் ஃபாக்ஸ்' என்றொரு ஜெர்மன் துப்பறியும் தொடர் அப்போது வந்தது. மியூனிக் நகரம், வயதான போலீஸ் அதிகாரி, உதட்டோடு ஒட்டாத டப்பிங். ஜெர்மனியில் அதன் பெயர் 'டெர் ஆல்ட்டே'. தயாரித்தவர் ஹெல்முட் ரிங்கல்மன். அவர் தயாரித்த இன்னும் இரண்டு மியூனிக் போலீஸ் தொடர்கள் அதைவிடப் புகழ்பெற்றவை. முதலாவது 'டெர் கொமிஸார்', 1969-இல் தொடங்கியது. இரண்டாவது 'டெரிக்', 1974 முதல் 1998 வரை ஓடியது. இரண்டிலும் ஒரே பாத்திரத்தை ஒரே நடிகர் செய்தார். பாத்திரத்தின் பெயர் ஹாரி க்ளைன். நடிகரின் பெயர் ஃப்ரிட்ஸ் வெப்பர். 27 வயதில் அந்தக் கோட்டை மாட்டிக்கொண்டவர் அதைக் கழற்றும்போது அவருக்கு 57 வயது.

அவரைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறேன். ஜெர்மனியில் அவர் பெயரைச் சொன்னால் உடனே ஒரு வாக்கியத்தைச் சொல்லிச் சிரிப்பார்கள். 'ஹாரி, போய் வண்டியை எடு' என்று டெரிக் தன் உதவியாளருக்கு இடும் கட்டளை அது. அந்த வாக்கியம் அதே வடிவில் 'டெரிக்' தொடரில் வந்ததே இல்லை. நாட்டு மக்கள் தாங்களாகவே உண்டாக்கி, இரண்டாம் ஆளின் தலையில் கட்டிவிட்டார்கள். வண்டி எடுக்கும் ஆள் என்ற பெயரே அவருக்கு நிலைத்தது. அது அவருக்குச் செய்த அநியாயம் என்று நினைக்கிறேன். வெப்பர் செய்தது வேறு வேலை. அது என்ன வேலை என்பதைத்தான் உங்கள் முன் வைக்க விரும்புகிறேன்.

வெப்பர் 1941 ஆகஸ்டில் மியூனிக்கில் பிறந்தார். தந்தை வழக்கறிஞர். போரின் கடைசி மாதங்களில், 1945-இல், போலந்துப் பகுதியில் காணாமல் போனார்; திரும்பவே இல்லை. ஃப்ரிட்ஸுக்கு அப்போது மூன்று வயது. தம்பி எல்மாருக்கு ஒரு வயதுகூட நிறையவில்லை. அந்தத் தலைமுறையில் ஜெர்மனியில் இப்படி வளர்ந்த பிள்ளைகள் ஏராளம். இறந்தார் என்று சொல்லிக் கணக்கை முடிக்கவும் வழியில்லை, வருவார் என்று சொல்லவும் வாயில்லை. ஃப்ரிட்ஸ் சிறுவயதிலேயே மியூனிக் மேடையில் 'பீட்டர் பான்' நாடகத்தில் நடித்தார். எல்மாரும் பின்னால் நடிக்க வந்தார். தம்பியைப் பற்றிப் பிறகு சொல்கிறேன், அவரும் இந்தக் கதைக்குள் வருகிறார்.

ஃப்ரிட்ஸ் வெப்பரை நாடறியச் செய்த படம் பெர்ன்ஹார்ட் விக்கி இயக்கிய 'டி ப்ரூக்கே', அதாவது 'பாலம்'. 1959-இல் வெளிவந்தது. பவேரியாவின் கிழக்கு ஓரத்தில் காம் என்னும் சிற்றூரில் எடுத்தார்கள். போர் முடியப் போகிறது. ஓர் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் ஒரே வகுப்பில் படிக்கும் ஏழு பையன்களுக்குப் படையில் சேர ஆணை வருகிறது. அவர்களுக்குச் சந்தோஷம் தாளவில்லை. பாசறையில் ஒரே ஒரு நாள் பயிற்சி. அவர்களின் ஆசிரியர் தளபதியிடம் போய்ப் பிள்ளைகளைக் காப்பாற்றும்படி மன்றாடுகிறார். அதனால் போர்முனைக்கு அனுப்பாமல், அவர்கள் ஊரிலேயே இருக்கும் ஒரு பாலத்துக்குக் காவல் போடுகிறார்கள். அந்தப் பாலத்தால் யாருக்கும் பயனில்லை. அதைத் தகர்த்துவிடப் போகிறார்கள் என்பதும் முடிவான விஷயம். பையன்களைப் பார்த்துக்கொள்ள ஒரு மூத்த வீரர் உடன் வருகிறார். அவர் சற்று நேரம் ஊருக்குள் போகிறார். போன இடத்தில், தப்பியோடுகிறவர் என்று நினைத்து ஜெர்மன் ராணுவக் காவலரே அவரைச் சுட்டுவிடுகிறார்கள். இனி அந்தப் பையன்களிடம் 'வீட்டுக்குப் போங்கடா' என்று சொல்ல ஆளில்லை.

இந்தப் படத்தில் ஒரு காட்சியை மட்டும் சற்று நெருங்கிப் பார்ப்போம். ஏழு பேரில் சிறியவன் ஸிகி. ஒருமுறை விமானச் சத்தம் கேட்டுத் தரையில் விழுந்து படுத்துவிடுகிறான், மற்றவர்கள் கேலி செய்கிறார்கள். அடுத்த முறை விமானம் வரும்போது எல்லோரும் விழுந்து படுக்கிறார்கள். ஸிகி மட்டும் நிமிர்ந்து நிற்கிறான். குண்டு விழுகிறது. புகை அடங்கியதும் எல்லோரும் எழுகிறார்கள், அவன் மட்டும் எழவில்லை. அவனுக்கு எந்த எதிரியும் தேவைப்படவில்லை, நண்பர்களின் சிரிப்பே போதுமாக இருந்தது. இப்படி ஒவ்வொருவராகச் சாகிறார்கள். எஞ்சுவது ஒருவன் மட்டும், ஆல்பர்ட் முட்ஸ். அந்த ஆல்பர்ட்தான் ஃப்ரிட்ஸ் வெப்பர். படம் எடுத்தபோது அவருக்கு வயது பதினேழு.

ஆல்பர்ட்டின் பாத்திரத்தைக் கவனித்தால் ஒன்று தெரியும். மற்ற பையன்களுக்குப் படத்தில் ஒரு கொதிப்பு இருக்கிறது. ஒருவனுக்குத் தந்தை மேல் வெறுப்பு, ஒருவனுக்குக் காதல், ஒருவனுக்கு ராணுவக் குடும்பத்துப் பெருமிதம். ஆல்பர்ட்டுக்கு அப்படித் தனியாக எதுவும் கொடுக்கவில்லை. அவனுக்கு ஒரு தாய் இருக்கிறாள், வீட்டில் தங்கிப் படிக்கும் நண்பன் ஹான்ஸ் இருக்கிறான். மற்றவர்கள் கத்தும்போது அவன் கேட்டுக்கொண்டிருக்கிறான். அமெரிக்க டாங்கிகள் பின்வாங்கிய பிறகு, எல்லாம் முடிந்துவிட்டது என்று தோன்றும் வேளையில், பாலத்தைத் தகர்க்க ஜெர்மன் படையினர் வருகிறார்கள். நீங்கள் செய்ததெல்லாம் வீண் என்று அவர்கள் சொல்லும் அந்தக் கணத்தில் வெப்பரின் முகத்தைப் பாருங்கள். அழுகையும் இல்லை, கோபமும் இல்லை. காதில் விழுந்தது இன்னும் உள்ளே போய்ச் சேரவில்லை. அது போய்ச் சேருவதைக் கேமரா காத்திருந்து எடுக்கிறது. அதற்குப் பின் நடக்கும் சண்டையில் ஹான்ஸ் சாகிறான். ஆல்பர்ட் தனியாக வீட்டை நோக்கித் தள்ளாடிப் போகிறான். இது 1945 ஏப்ரல் 27-இல் நடந்தது என்றும், எந்தப் போர் அறிக்கையிலும் இடம்பெறாத அளவுக்கு அற்பமான சம்பவம் என்றும் திரையில் எழுத்து வருகிறது. சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கர் போட்டியில் 'பாலம்' இடம்பெற்றது. அந்த ஆண்டு 'பிளாக் ஆர்ஃபியஸ்' பரிசைத் தட்டிச் சென்றது.

கேட்டது உள்ளே போய்ச் சேரும்வரை முகத்தை அவசரப்படுத்தாமல் வைத்திருப்பது, பதினேழு வயதில் அவருக்குக் கைவந்த வித்தை. அதை வைத்துத்தான் அவர் வாழ்நாள் முழுதும் பிழைத்தார் என்று நான் சொல்வேன்.

அடுத்து 'கேபரே'. பாப் ஃபாஸி இயக்கி 1972-இல் வந்த படம். எட்டு ஆஸ்கர் விருதுகள் பெற்றது. அதன் நாயகி லைசா மினெல்லியை நினைவு வைத்திருப்பவர்கள் அதில் ஃப்ரிட்ஸ் வெண்டல் என்ற இளைஞனை மறந்திருக்கலாம். அது நம்மவர்தான். படத்தின் பெரும்பகுதி மியூனிக்கின் பவேரியா ஸ்டுடியோவில் எடுக்கப்பட்டது என்பதால் அவருக்கு அது உள்ளூர் வேலை. பேச வேண்டியது மட்டும் ஆங்கிலம். வெண்டல் பணக்காரப் பெண்ணைப் பிடித்து வாழ்க்கையை ஓட்டிவிடலாம் என்று திரிபவன். நடாலியா லாண்டவர் என்ற செல்வந்தர் வீட்டு யூதப் பெண்ணைச் சந்திக்கிறான். சட்டைக் கை நுனி நைந்திருப்பது அவள் கண்ணில் படாமல் கோட்டுக்குள் தள்ளி மறைக்கிறான். இரண்டு நொடிச் செயல்தான், அந்த ஆளின் மொத்த நிலைமையும் அதில் வந்துவிடுகிறது. பிறகு நிஜமாகவே காதல் வந்துவிடுகிறது. அவனும் யூதன்தான், ஆனால் பெர்லினில் பிழைப்பதற்காகக் கிறிஸ்தவன் என்று சொல்லிக்கொண்டிருக்கிறான். நாஜிகள் தெருவில் வலுக்கத் தொடங்கும் நாளில், உண்மையைச் சொன்னால் ஆபத்து என்று தெரிந்தே, அவள் வீட்டு வாசலில் போய் நின்று தான் யூதன் என்று சொல்கிறான்.

தன் பிறப்பை மறைத்து வாழும் ஒருவன், மறைப்பதை நிறுத்தும் அந்த வாசற்படிக் காட்சியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

'கேபரே'யின் புகழைப் பிடித்துக்கொண்டு அவர் ஹாலிவுட்டுக்குக் குடிபோகவில்லை. 'டெர் கொமிஸார்' நடந்துகொண்டிருந்தது, அதிலேயே தொடர்ந்தார். எரிக் ஓடே நடித்த கமிஷனர் கெல்லருக்குக் கீழே மூன்று உதவியாளர்கள், அவர்களில் இளையவர் ஹாரி. 97 பகுதிகளும் கறுப்பு வெள்ளை. ஊரெல்லாம் வண்ணத்துக்கு மாறிய பிறகும், 1976-இல் தொடர் முடியும்வரை கறுப்பு வெள்ளையிலேயே எடுத்தார்கள். 1974-இல் ரிங்கல்மன் 'டெரிக்'கைத் தொடங்கும்போது ஹாரியை அங்கே மாற்றினார். காலியான இடத்துக்கு வந்தவர் எர்வின் க்ளைன், கதைப்படி ஹாரியின் தம்பி. அதில் நடித்தவர் எல்மார் வெப்பர், நிஜத்திலும் ஃப்ரிட்ஸின் தம்பி.

இப்போது 'டெரிக்'. 281 பகுதிகள். வெள்ளிக்கிழமை இரவு எட்டேகால் மணிக்கு ஜெர்மன் பொதுத் தொலைக்காட்சியான இசட்.டி.எஃப்-இல் வரும். 100-க்கும் மேற்பட்ட நாடுகளுக்கு விற்றார்கள். இத்தாலிய எழுத்தாளர் உம்பர்த்தோ எக்கோவே இந்தத் தொடர் ஏன் இவ்வளவு பேரைப் பிடித்து வைத்திருக்கிறது என்று கட்டுரை எழுதினார். ஹோர்ஸ்ட் டாப்பர்ட் நடித்த டெரிக் உயரமானவர், கண்ணுக்குக் கீழே பை தொங்கும் முகம், அமைதியான குரல். துப்பாக்கியை எடுப்பது அபூர்வம். பணக்காரர் வீட்டு வரவேற்பறையில் நின்றுகொண்டு குற்றத்தைப் பற்றி, மனித மனத்தைப் பற்றி நீளமாகப் பேசுவார். குற்றவாளி தானாகவே இற்று விழுவான்.

தொழில் ரீதியாக இந்தக் காட்சியை எப்படி எடுப்பார்கள்? ஒருவர் மூன்று நிமிடம் பேசுகிறார். மூன்று நிமிடமும் அவர் முகத்தையே காட்டினால் பார்ப்பவருக்கு அலுத்துவிடும். ஆகவே கேட்பவர் முகத்துக்கு வெட்டுவார்கள். இரண்டு டேக்கை ஒட்டிய இடம் தெரியாமல் மறைக்கவும் எடிட்டருக்குக் கேட்பவர் முகம்தான் வேண்டும். பேசுபவர் சொல்வது உண்மையா, ஆழமா, வெறும் பேச்சா என்பதைப் பார்வையாளர் பேசுபவர் முகத்தில் தேடுவதில்லை, கேட்பவர் முகத்தில்தான் தேடுகிறார். டெரிக்கின் பேச்சுக்கு எடை கொடுத்தது கதவோரம் நின்ற ஹாரியின் முகம். அவர் கண்ணை உருட்டி ஒருமுறை சலித்திருந்தால் டெரிக்கின் தத்துவம் அங்கேயே சரிந்திருக்கும். வியந்து வாய் பிளந்திருந்தால் கேலிக்கூத்தாகியிருக்கும். வெப்பர் இரண்டும் செய்யவில்லை. எதிரே உட்கார்ந்திருப்பவர் பொய் சொல்லும்போது, டெரிக்குக்குப் புரிவதற்கு ஒரு கணம் பிந்தி ஹாரிக்குப் புரியும். அந்த ஒரு கணத்தில்தான் நமக்கும் புரியும். 24 ஆண்டு நாம் ஹாரியின் வேகத்தில்தான் கதையைப் புரிந்துகொண்டோம்.

தொடக்கத்துப் பகுதிகளில் ஹாரிக்கு வேலை அதிகம். ஓடுவார், துரத்துவார், எரிச்சல்படுவார், ஒரு குறும்பும் இருக்கும். ஆண்டுகள் போகப் போக டெரிக்கின் பேச்சு நீண்டது, ஹாரியின் வசனம் சுருங்கியது. எண்பதுகளின் பிற்பகுதிக்கு வந்தால் அவருக்குக் கேள்வியைத் தொடங்கி வைக்கும் ஒரு வரியும், 'ஸ்டெஃபான்' என்று டெரிக்கின் முதற்பெயரைச் சொல்லி அழைக்கும் ஒரு வரியும்தான் மிஞ்சும் என்று தோன்றும் பகுதிகள் உண்டு. எழுத்தாளர் அவருக்குக் கஞ்சத்தனமாகத்தான் அளந்தார். இதை மறைத்துப் பேச நான் விரும்பவில்லை. நல்ல நடிகர் ஒருவருக்கு இது உழைப்புச் சுரண்டல் போலத்தான். ஆனால் அவர் அந்தச் சுருக்கத்துக்குள் சும்மா நிற்கவில்லை என்பதைக் கவனித்துப் பாருங்கள்.

அவரை வெறும் வண்டி எடுக்கும் ஆளாக நினைக்கக் கூடாது என்பதற்கு இன்னொரு காரணமும் உண்டு. நூறு நாடுகளுக்குப் போன தொடர் என்றால் பல நாடுகளில் டப்பிங்கில் போனது என்று அர்த்தம். டாப்பர்ட்டின் தாழ்ந்த குரல் பிரெஞ்சில் ஒருவரிடமும் இத்தாலியனில் இன்னொருவரிடமும் போய்விட்டது. கதாநாயகனின் நடிப்பில் பாதி, எல்லையில் சுங்கச் சாவடியிலேயே நின்றுவிட்டது. வெப்பருடையது அப்படியே போய்ச் சேர்ந்தது, ஏனென்றால் அவர் நடிப்பில் பெரும்பகுதி பேசாத நேரத்தில் இருந்தது. தம்பி எல்மாரின் கதை இதற்கு நேர் எதிர். ஜெர்மனியில் மெல் கிப்ஸன் படங்களைப் பார்த்தவர்கள் பல ஆண்டுகள் கேட்டது எல்மார் வெப்பரின் குரலைத்தான். அண்ணனின் முகம் குரலில்லாமல் உலகம் சுற்றியது; தம்பியின் குரல் வேறொருவர் முகத்தில் ஒட்டிக்கொண்டு வாழ்ந்தது. ஒரே வீட்டுப் பிள்ளைகள் இருவருக்கு இப்படி அமைந்ததை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வியப்பாக இருக்கிறது.

வெப்பருக்கு வசனம் எழுதியது யார் என்பதையும் சொல்லியாக வேண்டும். 'கொமிஸார்' 97 பகுதிகள், 'டெரிக்' 281 பகுதிகள், ஆக 378 பகுதிகளையும் ஒரே ஆள் எழுதினார். பெயர் ஹெர்பெர்ட் ரைனெக்கர், 1914-இல் பிறந்தவர். உலகத் தொலைக்காட்சியிலேயே இப்படி ஓர் உழைப்பு அரிது. இதே ரைனெக்கர் நாஜி ஆட்சியில் ஹிட்லர் இளைஞர் அமைப்பின் பத்திரிகைகளில் பணியாற்றியவர், எஸ்.எஸ். படையின் போர்ச் செய்தியாளராகவும் இருந்தவர். 1944-இல் வந்த 'யுங்கே ஆட்லர்', அதாவது 'இளம் கழுகுகள்' என்ற பிரச்சாரப் படத்தின் திரைக்கதையில் அவருக்குப் பங்குண்டு. விமானத் தொழிற்சாலையில் உழைக்கும் சிறுவர்களை வீரர்களாகக் காட்டும் படம். இயக்கியவர் ஆல்ஃப்ரெட் வைடென்மன். அவரே பிற்காலத்தில் 'டெரிக்' பகுதிகள் பலவற்றை இயக்கினார்.

1944-இல் பையன்களைப் போருக்கு ஆசைப்பட வைத்த படத்தை எழுதிய கை, முப்பது ஆண்டு கழித்து ஹாரி க்ளைனுக்கு வசனம் எழுதியது. அதைப் பேசியவர், அப்படிப் போருக்கு ஆசைப்பட்ட பையன்கள் என்னவானார்கள் என்பதை 'பாலம்' படத்தில் நடித்துக் காட்டியவர். இதை யாரும் திட்டமிடவில்லை. மேற்கு ஜெர்மனியின் சினிமாவும் தொலைக்காட்சியும் அப்படிப்பட்ட ஆட்களைக் கொண்டுதான் கட்டப்பட்டன; திறமையுள்ளவர்கள் போர் முடிந்ததும் வேலைக்குத் திரும்பினார்கள், யாரும் அதிகம் கேட்கவில்லை. 'டெரிக்'கில் திரும்பத் திரும்ப வரும் கதை என்ன? கௌரவமான வீடு, நல்ல உடை, நல்ல பேச்சு, அடியில் ஒரு பழைய குற்றம், அதை மறைக்க வீடு முழுவதும் ஒத்துழைக்கிறது. ரைனெக்கர் இதை எழுதும்போது எதை நினைத்து எழுதினார் என்று நான் யூகிக்கப் போவதில்லை. அந்த வீடுகளின் வரவேற்பறையில் ஹாரி நின்ற நிற்பு மட்டும் எனக்கு இப்போது வேறு மாதிரித் தெரிகிறது.

1998 அக்டோபரில் டெரிக்குக்கு ஐரோப்பியப் போலீஸ் அமைப்பில் பதவி உயர்வு கொடுத்துத் தொடரை முடித்தார்கள். வெப்பருக்கு அப்போது 57 வயது. முப்பதாண்டு ஒரே பாத்திரம் செய்த நடிகருக்கு அதன் பிறகு எங்கேயும் இடம் கிடைக்காமல் போவதுதான் வழக்கம். இவருக்கு வேறு மாதிரி நடந்தது. தம்பியோடு சேர்ந்து அண்ணன் தம்பியாகவே நடித்த 'ஸ்வை ப்ரூடர்' என்ற குற்றத் தொடர் அதற்கு முன்பே தொடங்கியிருந்தது. 2002-இல் ஏ.ஆர்.டி. தொலைக்காட்சியில் 'உம் ஹிம்மல்ஸ் வில்லன்' வந்தது. கால்டன்டால் என்ற கற்பனை ஊர். படப்பிடிப்பு நடந்தது பவேரியாவின் லாண்ட்ஸ்ஹூட் நகரில். அந்த ஊர் மேயர் வோல்ஃப்காங் வோல்லருக்குக் கன்னியர் மடம் ஒன்றின் மேல் கண். மடத்தைக் காலி செய்துவிட்டு அந்த இடத்தில் பெரிய திட்டம் எதையாவது கொண்டுவர வேண்டும். மடத்துச் சகோதரிகள் விடுவதில்லை. முதலில் சகோதரி லோட்டேயாக யூட்டா ஷ்பைடலும், பிறகு சகோதரி ஹன்னாவாக யானினா ஹார்ட்விக்கும் மேயரோடு மல்லுக்கு நின்றார்கள். 20 சீஸன், 2021 வரை.

மேயர் வோல்லர் பேராசைக்காரர், தந்திரக்காரர், தன்னை மெச்சிக்கொள்பவர். கொஞ்சம் அழுத்தினால் வில்லன், கொஞ்சம் தளர்த்தினால் கோமாளி. வெப்பர் அவருக்கு உள்ளே ஒரு தனிமையை வைத்தார். ஒவ்வொரு வாரமும் மடத்தை ஒழிக்கத் திட்டம் போடும் மனிதர், தனக்கு மனக்கஷ்டம் வந்தால் நேராக அந்த மடத்துக்குத்தான் போகிறார். ஊரில் அவர் பேச்சைக் காதுகொடுத்துக் கேட்பவர் அந்தச் சகோதரி ஒருவர்தான். கேட்பவராகவே இருந்த நடிகர், அறுபது வயதுக்கு மேல், கேட்க ஆள் தேடும் மனிதரைச் செய்தார். அவர் செய்ததிலேயே நிறைவானது இதுதான் என்பது என் எண்ணம். குடும்பத் தொடர்தானே என்று ஜெர்மன் விமர்சகர்கள் இதைப் பெரிதாக மதிக்கவில்லை, ஆனால் செவ்வாய்க்கிழமை இரவுகளில் அந்த நாட்டுக் குடும்பங்கள் மதித்தன. இதே ஆண்டுகளில் மகள் சோஃபியும் அப்பாவுமாக, அப்பா மகளாகவே, 'மோர்ட் இன் பெஸ்டர் கெஸெல்ஷாஃப்ட்' என்ற தொலைக்காட்சிப் படங்களிலும் நடித்தார்கள்.

எல்மாருக்குக் காத்திருந்த பரிசு 2008-இல் வந்தது. டோரிஸ் டோரி இயக்கிய 'கிர்ஷ்ப்ளூட்டன்', அதாவது 'செர்ரிப் பூக்கள்'. பவேரிய கிராமத்து அரசு ஊழியர் ஒருவர் மனைவியை இழந்தபின், அவள் காண ஆசைப்பட்ட ஜப்பானுக்குத் தனியாகப் போகிறார். மனைவியாக ஹனலோரே எல்ஸ்னர். பேச்சு குறைந்த அந்தப் பாத்திரத்துக்காக எல்மாருக்கு ஜெர்மன் திரைப்பட விருதில் சிறந்த நடிகர் பரிசு கிடைத்தது. அப்போது அவருக்கு 64 வயது. இன்னொருவர் முகத்துக்குக் குரல் கொடுத்தே பெயர் வாங்கியவர் தன் சொந்த முகத்துக்காக விருது வாங்கினார். எல்மார் 2023 அக்டோபர் கடைசி நாளில் காலமானார். ஐந்து மாதத்துக்குள், 2024 மார்ச் 25-இல், ஃப்ரிட்ஸும் போய்விட்டார்.

இடையில் 2013 வந்தது. ஹோர்ஸ்ட் டாப்பர்ட் 2008-இலேயே இறந்துவிட்டார். அவர் உயிரோடு இருந்தவரை வெளியே தெரியாத ஒரு செய்தியை யோர்க் பெக்கர் என்ற சமூகவியலாளர் கண்டுபிடித்தார். டாப்பர்ட் போர்க்காலத்தில் எஸ்.எஸ். படையின் 'டோட்டன்கோஃப்' பிரிவைச் சேர்ந்த காலாட்படைப் பட்டாளம் ஒன்றில் இருந்திருக்கிறார். 1943-இன் ஆவணத்தில் அவர் பெயர் இருக்கிறது. மண்டையோடு சின்னம் தரித்த பிரிவு அது, வதைமுகாம் காவலர்களை வைத்து உருவானது. டாப்பர்ட் அங்கே என்ன செய்தார், சேர்ந்தாரா, சேர்க்கப்பட்டாரா என்பதை அந்த ஆவணம் சொல்வதில்லை. மறைத்தார் என்பது உறுதி. உலகமே நம்பிய நேர்மையான போலீஸ்காரரின் முகம் அது என்பதால் பல நாடுகளில் மக்கள் அதிர்ந்து போனார்கள். இனி 'டெரிக்'கை மறு ஒளிபரப்பு செய்யப் போவதில்லை என்று இசட்.டி.எஃப். அறிவித்தது.

சற்று முன் வாசற்படிக் காட்சியை நினைவில் வைக்கச் சொன்னேன். 'கேபரே'யில் வெப்பர் நடித்தவன், உயிருக்கு ஆபத்து என்று தெரிந்தும் தன்னை யாரென்று சொன்னான். எந்த ஆபத்தும் இல்லாத காலத்தில், பாதுகாப்பான நாட்டில், 24 ஆண்டு வெப்பருக்குப் பக்கத்தில் நின்றவர் சொல்லவில்லை.

மறு ஒளிபரப்பு இல்லை என்ற இசட்.டி.எஃப்-இன் அறிவிப்பை நான் ஏற்கவில்லை. அதற்காக ஒன்றும் நடக்காதது போல வெள்ளிக்கிழமை இரவு பழையபடி ஓட்டலாம் என்றும் சொல்லமாட்டேன். டாப்பர்ட்டோடு சேர்த்து வெப்பரின் 24 ஆண்டு உழைப்பும் அலமாரிக்குள் போய்விட்டது, இன்னும் நூற்றுக்கணக்கான நடிகர்களின் வேலையும் போய்விட்டது. மறைத்ததற்குப் பதில் இன்னொரு மறைப்பா? ஜெர்மனியிலேயே இதற்கு ஒரு நல்ல வழக்கம் இருக்கிறது. நாஜி காலத்துப் பிரச்சாரப் படங்களில் ஏறத்தாழ நாற்பதை வீஸ்பாடனில் இருக்கும் முர்னாவ் அறக்கட்டளை தனியாக வைத்திருக்கிறது. கேட்டால் தருவார்கள், ஒரு நிபந்தனை: படத்துக்கு முன் விவரம் தெரிந்த ஒருவர் பேச வேண்டும், முடிந்தபின் கலந்துரையாட வேண்டும். அந்தப் படங்களுக்கே இது முடியுமென்றால் 'டெரிக்'குக்கு ஏன் முடியாது?

முதலில் எந்தப் பகுதியைக் காட்டுவது என்று என்னைக் கேட்டால், 1974-இல் ஒளிபரப்பான 'யோஹன்னா'வைச் சொல்வேன். தொடரின் இரண்டாவது பகுதி. சிறப்புத் தோற்றத்தில் வருபவர் லில்லி பால்மர். யூதக் குடும்பத்தில் 1914-இல் பிறந்தவர், எழுத்தாளர் ரைனெக்கர் பிறந்த அதே ஆண்டு. ஹிட்லர் பதவிக்கு வந்ததும் ஜெர்மனியை விட்டு ஓடி, பாரிஸிலும் லண்டனிலும் பிழைத்து, பிறகு திரும்பி வந்தவர். அந்த ஒரு மணி நேரத்தில் அவர் ரைனெக்கரின் வசனத்தைப் பேசுகிறார், டாப்பர்ட் அவரோடு நடிக்கிறார், தந்தையைப் போரில் தொலைத்த வெப்பர் பக்கத்தில் நின்று கேட்கிறார். படப்பிடிப்பில் யாருக்கு யாரைப் பற்றி எவ்வளவு தெரிந்திருந்தது என்பது நமக்குத் தெரியாது; நாம் இன்று அவர்கள் எல்லோரையும் பற்றித் தெரிந்துகொண்டு பார்க்கிறோம். அந்தப் பகுதிக்கு முன்னால் பத்து நிமிடம் ஒருவர் இதையெல்லாம் சொன்னால் போதும், இசட்.டி.எஃப். அதை நாளைக்கே ஒளிபரப்பலாம்.